சோச்சிமில்கோவில் படகுப் பயணமும் மெக்சிகோ சமையலும்

மெக்சிகோ சிட்டியின் தென்கோடியில் உள்ள சோச்சிமில்கோவுக்குப் போகிறவர்களில் பெரும்பாலோர் வண்ணப் படகில் ஏறி, பாட்டுக் கேட்டு, சுட்ட சோளம் கடித்து, இரண்டு மணி நேரத்தில் இறங்கிவிடுகிறார்கள். இந்த அத்தியாயம் கூடுதலாக ஒரு வேலை செய்ய நினைப்பவர்களுக்கு: சந்தையில் மாவு வாங்கி, படகில் தோட்டத்துக்குப் போய், அங்கே பறித்த கீரையோடு சமைத்துச் சாப்பிட்டுத் திரும்புவது. ஒரு முழுப் பகல் தேவை. நான்கு பேர் சேர்ந்தால் செலவும் வேலையும் சரியாகப் பிரியும்.

முதலில் மூன்று சொற்களைத் தெரிந்துகொள்ளுங்கள். நீங்கள் ஏறப்போகும் தட்டை அடிப் படகு த்ரஹினேரா. அதற்கு இன்ஜின் கிடையாது. படகோட்டி பின்னால் நின்று நீண்ட கழியால் சேற்றில் ஊன்றித் தள்ளுவார். நீங்கள் இறங்கப்போகும் தோட்டம் சினாம்பா. ஆழமில்லாத ஏரியில் சேற்றையும் செடிகொடிகளையும் அடுக்கி மேடாக்கி, ஓரத்தில் அவெஹோதே என்னும் மரங்களை நட்டு, அவற்றின் வேரால் கரையைக் கட்டிய நிலம் இது. விளம்பரங்களில் ‘மிதக்கும் தோட்டம்’ என்றிருக்கும். நம்பாதீர்கள், அது எங்கும் மிதக்கவில்லை. மூன்றாவது சொல் மாசா, அதாவது சுண்ணாம்பு நீரில் வேகவைத்த சோளத்தை அரைத்த மாவு. இன்றைய சமையல் முழுவதும் இதன் மேல்தான் நிற்கிறது.

இந்தக் கால்வாய்ப் பகுதியை யுனெஸ்கோ 1987-இல் உலக மரபுச் சின்னமாகவும், மெக்சிகோவின் மரபுச் சமையலை 2010-இல் மனித குலத்தின் அருவ மரபாகவும் அறிவித்தது. வரலாறு இவ்வளவு போதும்.

எந்த நாள், எந்தத் துறை?

செவ்வாய் முதல் வியாழன் வரை ஏதாவது ஒரு நாள் காலை போங்கள். சனி, ஞாயிறுகளில் முக்கியக் கால்வாய்களில் படகோடு படகு உரசும். பத்துப் பாட்டுகள் ஒரே நேரத்தில் காதில் விழும். அதுவும் ஒரு அனுபவம்தான், ஆனால் சமைக்க உதவாது. பிப்ரவரி 2 கேண்டலேரியா திருநாள், நவம்பர் தொடக்கத்தில் வரும் இறந்தோர் தினம் ஆகியவற்றை ஒட்டிக் கூட்டம் இன்னும் கூடும்.

ஜூன் முதல் செப்டம்பர் வரை மழைக்காலம். காலையில் வெயில் அடிக்கும், மாலையில் கொட்டும். ஆனால் பூசணிப் பூவும், வித்லகோச்சே என்னும் கருநிறச் சோளப் பூஞ்சையும் புத்தம் புதிதாகக் கிடைப்பது அப்போதுதான். காலை சீக்கிரம் தொடங்கி மூன்று மணிக்குள் கரையேறுவதாக இருந்தால், நான் மழைக்காலத்தையே சொல்வேன்.

சோச்சிமில்கோவில் படகுத்துறைகள் பல. உங்களுக்கு வேண்டியவை இரண்டே:

• நதிவீதாஸ்: பெரிய துறை, கலகலப்பானது, சாப்பாட்டுப் படகுகள் நிறைய. சமைக்காமல் சாப்பிட மட்டும் வருபவர்களுக்கு.

• க்வெமாங்கோ: ஊருக்கு வெளியே, பெரிஃபெரிகோ நெடுஞ்சாலையை ஒட்டி இருக்கிறது. பயிர் நடக்கும் சினாம்பாக்களுக்கும் பாதுகாக்கப்பட்ட பகுதிக்கும் வாசல் இதுதான். இந்த அத்தியாயத்துக்கான துறையும் இதுவே.

முதல் நாள் செய்ய வேண்டியவை

1. விருந்தினரை ஏற்றுக்கொள்ளும் ஒரு சினாம்பாவில் முன்கூட்டியே சொல்லி வையுங்கள். அடுப்பு, கோமால் என்னும் தட்டைக்கல், அம்மி, குடிநீர் ஆகிய நான்கும் அங்கே உண்டா என்று கேளுங்கள். தங்கும் விடுதியிலோ துறையிலோ கேட்டால் வழி காட்டுவார்கள்.

2. கால் கிலோ உலர்ந்த பீன்ஸ் அல்லது ஹாபா என்னும் பெரிய அவரைப் பருப்பை ஊறவைத்து வேகவைத்துக்கொள்ளுங்கள். இந்த ஊர் கடல் மட்டத்திலிருந்து சுமார் 2,240 மீட்டர் உயரத்தில் இருப்பதால் தண்ணீர் 92, 93 டிகிரியிலேயே கொதித்துவிடும். நம் ஊர்க் கணக்கில் வேகவைத்தால் பருப்பு நறுக்கென்றுதான் இருக்கும். குக்கர் இல்லையென்றால் சந்தையில் வெந்து மசித்ததையே வாங்கிக்கொள்ளுங்கள், அதில் குறைச்சல் ஒன்றுமில்லை.

3. சில்லறை மாற்றி வையுங்கள். கால்வாயில் கார்டு செல்லாது என்றே வைத்துக்கொள்ளுங்கள். கரையோரக் கழிப்பறைக்குக் கூட நாணயம் வேண்டும்.

4. தொப்பி, சன்ஸ்கிரீன், ஒரு ஸ்வெட்டர். உயரத்தில் வெயில் சுடும், நிழலில் குளிரும். டிசம்பர், ஜனவரி காலைகளில் நல்ல குளிர் உண்டு.

சந்தையில்: எதை முதலில் வாங்குவது?

மெட்ரோ இரண்டாம் தடத்தில் தெற்கே கடைசி நிலையம் தஸ்கேன்யா. அங்கிருந்து இலகு ரயில் உங்களைச் சோச்சிமில்கோவில் விடும். கொஞ்ச தூரம் நடந்தால் சான் பெர்னார்தீனோ தேவாலயம், அதன் அருகிலேயே சந்தை. ஒன்பது மணிக்குள் இங்கே இருங்கள். நிலைய வாசலில் சைக்கிளோடு நின்று ‘படகா? அரசு விலைக்கே தருகிறேன்’ என்று கூப்பிடுபவர்களுக்குத் தலையாட்ட வேண்டாம். அவர்கள் கூட்டிப்போகும் இடத்தில் விலையும் அவர்கள் சொன்னதுதான்.

வாங்கும் வரிசை முக்கியம். கனமானவை முதலில், மாசா கடைசியில்.

1. தொமாத்தே வெர்தே, அரை கிலோ. தாள் போன்ற தோலுக்குள் இருக்கும் புளிப்பான பச்சைக் காய் இது. பழுக்காத தக்காளி என்று எண்ணி ஏமாறாதீர்கள். தோலை விலக்கிப் பார்த்தால் காய் லேசாகப் பிசுபிசுக்க வேண்டும்.

2. செரானோ மிளகாய் ஒரு கைப்பிடி, வெங்காயம், பூண்டு, எலுமிச்சை. மிளகாய் நமக்கு இந்தக் கண்டத்திலிருந்துதான் வந்தது என்றாலும், நம் கைப்பழக்கத்தில் அள்ளிப் போட்டால் செரானோ கண்ணீர் வரவழைத்துவிடும்.

3. நொபால், எட்டு மடல். நம் ஊர் வேலியோரச் சப்பாத்திக்கள்ளியின் இனம்தான். முள் சீவித் தருபவரிடமே வாங்குங்கள். உள்ளங்கை அளவுள்ள இளம் மடலே நல்லது, பெரியது நாரோடும்.

4. வெள்ளைப் பாலாடைக்கட்டி, கேசோ ஃப்ரெஸ்கோ, கால் கிலோ.

5. மாசா, ஒரு கிலோ. நீலச் சோளத்தில் அரைத்தது கிடைத்தால் அதையே எடுங்கள். அரைவை இயந்திரத்திலிருந்து வந்த சூட்டோடு கையில் தருவார்கள். ஈரத் துணியில் சுற்றி, நிழலில் வையுங்கள். அன்றைக்குள் தீர்த்துவிட வேண்டும், இல்லையேல் புளித்துவிடும்.

இங்கே அடிக்கடி நடக்கும் தவறு, சுண்ணாம்பில் வேகாத பை மாவு வாங்குவது. வெறும் மக்காச்சோள மாவில் தண்ணீர் ஊற்றினால் உதிரும், திரளாது. சுண்ணாம்பில் வெந்தால்தான் தோல் கழன்று, மாவுக்குப் பசை வந்து, உருட்டினால் விள்ளாமல் நிற்கும். சோளத்தில் உள்ள நியாசின் என்னும் வைட்டமினை உடம்பு எடுத்துக்கொள்ளவும் சுண்ணாம்புதான் வழி செய்கிறது. இந்த ஊர்க்காரர்களுக்குத் தெரிந்த இந்த விஷயத்தை விட்டுவிட்டு, சோளத்தை மட்டும் கொண்டுபோன நாடுகளில் ஏழைகள் பெலாக்ரா நோயில் விழுந்தார்கள். வீட்டில் செய்து பார்க்க விரும்புபவர்களுக்கு: ஒரு கிலோ காய்ந்த சோளத்துக்கு ஏறத்தாழ 10 கிராம் உணவுக்கான நீர்த்த சுண்ணாம்பு. தோல் விரலில் உரியும்வரை கொதிக்கவிட்டு, இரவெல்லாம் ஊறவைத்து, நன்றாக அலசி அரையுங்கள். கட்டிடத்துக்கு அடிக்கும் சுட்ட சுண்ணாம்பு கூடவே கூடாது.

கீரையும் கொத்தமல்லியும் சந்தையில் வாங்க வேண்டாம். அவை உங்களுக்காகத் தோட்டத்தில் நிற்கின்றன.

படகு பேசுவது

சந்தையிலிருந்து க்வெமாங்கோவுக்கு டாக்ஸி பிடியுங்கள். துறையில் விலைப் பலகை இருக்கும். அதைப் பார்க்காமல் வாய் திறக்காதீர்கள்.

1. கட்டணம் படகுக்கு, மணிக்கணக்கில். ஆளுக்கு இவ்வளவு என்று யாராவது சொன்னால் பலகையைக் காட்டுங்கள். ‘போர் த்ரஹினேரா, நோ போர் பெர்சோனா’ என்று சொன்னால் போதும்.

2. எத்தனை மணி நேரம், எந்தச் சினாம்பா, அங்கே எவ்வளவு நேரம் காத்திருக்க வேண்டும் என்ற மூன்றையும் ஏறுமுன் பேசி முடியுங்கள். காத்திருக்கும் நேரத்துக்கும் காசு உண்டு. போக வர, சமைக்க, சாப்பிட எல்லாம் சேர்த்து நான்கு மணி நேரம் சரியாக இருக்கும்.

3. பணத்தை இறங்கும்போது கொடுங்கள். முன்பணம் கேட்டால் ஒரு பகுதி மட்டும்.

4. மரங்களில் பொம்மைகள் தொங்கும் பொம்மைத் தீவு என்று ஆசை காட்டினால், அசல் தீவா என்று கேளுங்கள். அசலுக்குப் போய் வரவே ஏறத்தாழ நான்கு மணி நேரம் ஆகும். பக்கத்திலேயே காட்டுவது நகல். சமையலையும் அதையும் ஒரே நாளில் திணிக்காதீர்கள்.

படகில் பாதுகாப்பு

2019-இல் ஓர் இளைஞர் இங்கே படகு விட்டுப் படகு தாவும்போது மூழ்கி இறந்தார். அதற்குப் பிறகுதான் மிதவைச் சட்டை, மது அளவு பற்றிய விதிகள் இறுகின. கால்வாய் பார்க்கச் சாதுவாக இருக்கும். அடியில் முழங்கால் புதையும் சேறு, மேலே கலங்கிய நீர். விழுந்தவர் எங்கே என்று தெரியாது.

• மிதவைச் சட்டை கேட்டு வாங்குங்கள், குழந்தைகளுக்குக் கட்டாயம் மாட்டிவிடுங்கள்.

• படகின் வெளி விளிம்பில் விரல் வைக்கவே வைக்காதீர்கள். நூற்றுக்கணக்கான கிலோ மரம் இன்னொரு மரத்தோடு உரசி நிற்கும் இடம் அது. பெரும்பாலும் புகைப்படத்துக்குச் சாயும்போதுதான் விரல் நசுங்கும். மோதப்போகும் படகைக் கையால் தள்ளவும் வேண்டாம்; அது படகோட்டியின் கழிக்குள்ள வேலை.

• படகுக்குள் நீங்களாக நெருப்பு மூட்டாதீர்கள். சாப்பாட்டு விற்பனையாளர்கள் தங்கள் படகில் கரியடுப்பு வைத்திருப்பதைப் பார்த்து உங்களுக்கும் ஆசை வரும். அவர்களுக்கு அது தினசரி வேலை. உங்கள் தலைக்கு மேலே வர்ணம் பூசிய மரக்கூரை. அடுப்பு கரையில்தான்.

• கால்வாய் நீரில் கை கழுவக் கூடாது, பாத்திரமும் கூடாது. சுத்திகரித்த கழிவுநீர் சேரும் கால்வாய் இது.

• அவசரம் என்றால் 911.

மரியாச்சிக் குழு படகு பக்கத்தில் வந்தால் ஒரு பாட்டுக்கு எவ்வளவு என்று முதலில் கேளுங்கள். அவர்கள் கணக்கு பாட்டுக்குப் பாட்டு ஏறும். வேண்டாமென்றால் சிரித்துக்கொண்டே ‘கிராசியாஸ், நோ’.

சினாம்பாவில்

இறங்கியதும் அடுப்பைத் தேடாதீர்கள். தோட்டக்காரரிடம் நாற்றங்காலைக் காட்டச் சொல்லுங்கள். கால்வாயிலிருந்து அள்ளிய கருஞ்சேற்றைப் பாய்போல் பரப்பி, சற்று இறுகியதும் கத்தியால் குறுக்கும் நெடுக்குமாகக் கீறிச் சிறு சதுரங்கள் ஆக்குவார்கள். ஒவ்வொன்றின் நடுவிலும் விரலால் ஒரு குழி. குழிக்கு ஒரு விதை, மேலே ஒரு சிட்டிகை எரு. முளைத்த பிறகு சதுரத்தை அப்படியே பெயர்த்து நடுகிறார்கள், வேருக்கு ஒரு காயமும் இல்லாமல். சமையல் பாத்திரங்களை விட இதைப் பார்ப்பதுதான் இந்தப் பயணத்தின் சிறந்த கால் மணி நேரம் என்பது என் கணிப்பு.

சில தோட்டங்களில் ஆக்ஸலோட்டல் என்னும் நீர்ப்பல்லியைத் தொட்டியில் வைத்திருப்பார்கள். 50 பெசோ நோட்டில் இருக்கும் அதே பிராணி. இயற்கை நிலையில் இந்தக் கால்வாய்களைத் தவிர வேறெங்கும் அதற்கு வீடு இல்லை. 1998-இல் சதுர கிலோமீட்டருக்கு ஏறத்தாழ 6,000 இருந்தவை 2014-இல் 36 ஆகிவிட்டன. மாசும், வெளியிலிருந்து கொண்டுவிட்ட கெண்டை, திலாப்பியா மீன்களும் காரணம். தொடாதீர்கள், ஃபிளாஷ் போடாதீர்கள். ஒரு காலத்தில் சோளச் சருகில் பொதிந்து சமைத்தார்கள். இன்று யாராவது அப்படித் தருகிறேன் என்றால் எழுந்துவிடுங்கள்.

கீரை பறிக்கும்போது கெலீதே என்று கேளுங்கள். தானாக முளைக்கும் கீரைகளுக்கெல்லாம் இங்கே இதுதான் பொதுப்பெயர். பருப்புக்கீரை வகையான வெர்தோலாகா, கொத்தமல்லி, எபசோதே ஆகியவையும் கிடைக்கும். எபசோதேயின் வாசம் கடுமையானது. ஒரு குடும்பத்துக்கு நாலு இலை போதும். பச்சையாகச் சாப்பிடப்போகும் எதையும் குடிநீரில் அலசி, கிருமிநாசினிச் சொட்டு கலந்த நீரில் போத்தலில் எழுதியிருக்கும் நேரம் ஊறவையுங்கள். கடைகளில் சொட்டு சின்னப் போத்தலில் விற்கும்.

த்லாகோயோ சுடுவது: படிப்படியாக

பருப்பு உள்ளே வைத்த சோள அடை இது. இரு முனையும் கூர்ந்து, கண் வடிவில் இருக்கும். ஒரு கிலோ மாசாவில் பத்து வரும்.

1. வெந்த பருப்பை உப்பும், வறுத்துப் பொடித்த காய்ந்த மிளகாயும் சேர்த்துக் கெட்டியாக மசியுங்கள். நீர் இருந்தால் அடை பிளக்கும்.

2. மாசாவில் உப்பும் இரண்டு கை வெந்நீரும் தெளித்துப் பிசையுங்கள். உருட்டி அமுக்கிப் பாருங்கள்: ஓரம் வெடித்தால் இன்னும் நீர், கையில் ஒட்டினால் கொஞ்சம் காற்றாட விடுங்கள்.

3. கோமாலை எண்ணெய் இல்லாமல் மிதமான தீயில் காயவையுங்கள். மண் கோமால் என்றால் மெல்லத்தான் சூடேற்ற வேண்டும். சுடுகல்லில் தண்ணீர் தெளித்துப் பார்க்கும் பழக்கம் இங்கே வேண்டாம், விரிசல் விடும்.

4. எலுமிச்சை அளவைவிடக் கொஞ்சம் பெரிய உருண்டை எடுத்து, உள்ளங்கையில் தட்டி, நடுவில் ஒரு தேக்கரண்டிப் பருப்பு வைத்து மூடுங்கள். இரண்டு கைகளுக்கும் நடுவே முன்னும் பின்னும் உருட்டி நீட்டி, பிறகு தட்டையாக்குங்கள். ஒரு சென்டிமீட்டர் கனம் இருக்கட்டும்.

5. கல்லில் போட்டு நகர்த்தாமல் விடுங்கள். நான்கைந்து நிமிடத்தில் அடிப்பக்கம் தானாகக் கல்லை விடும். விடவில்லையென்றால் வேகவில்லை, சுரண்டித் திருப்பாதீர்கள். மறுபக்கமும் அவ்வளவே.

6. நடுவே நொபாலைக் கவனியுங்கள். விரல் அகலக் கீற்றுகளாக நறுக்கி, வெங்காயத்தோடும் உப்போடும் அகன்ற சட்டியில் மூடாமல் வதக்கினால் வெண்டைக்காய் போலக் கொழகொழவென்று நீர் விடும். பயந்து கழுவிக் கொட்டிவிடுகிறார்கள் பலர். பத்து நிமிடம் பொறுத்தால் அந்த நீர் தானே வற்றி, பச்சை மங்கி, புளிப்போடு நிற்கும்.

7. சல்சா: தொமாத்தே வெர்தே, இரண்டு செரானோ, தோலோடு இரண்டு பல் பூண்டு ஆகியவற்றைக் கோமாலில் கரும்புள்ளி விழச் சுடுங்கள். பூண்டு உரித்து, முதலில் உப்போடு பூண்டையும் மிளகாயையும் கல்லில் நசுக்கி, கடைசியில் காய்களைப் போட்டு ஒன்றிரண்டாக அரையுங்கள். மேலே கொத்தமல்லி.

8. சூடான அடையில் சல்சா, நொபால், உதிர்த்த பாலாடைக்கட்டி. கீரையைத் தனியாக எபசோதேயோடு வதக்கி, மீந்த மாசாவில் சுட்ட ரொட்டிக்குள் மடித்துக் கொடுங்கள்.

குறிப்பு: அங்குள்ள அம்மியில் சோளம் அரைத்துப் பார்க்க ஆசைப்பட்டால் கேளுங்கள், தருவார்கள். நம் அம்மியேதான், மூன்று கால் முளைத்து முன்பக்கம் சாய்ந்திருக்கும். நின்றபடி அரைக்காமல் மண்டியிட்டு உடம்பு எடையால் தள்ளுங்கள்.

சைவம் சாப்பிடுவோருக்கு

இங்கே ‘இறைச்சி இல்லை’ என்ற பதிலை அப்படியே எடுத்துக்கொள்ள முடியாது. கோழி பலருக்கு இறைச்சிக் கணக்கில் சேராது. பருப்பிலும், சருகில் பொதிந்து அவிக்கும் தமாலிலும் பன்றிக் கொழுப்பு, சோற்றிலும் மோலே குழம்பிலும் கோழிச் சாறு என்பது சாதாரணம். எனவே பொருளின் பெயர் சொல்லியே கேளுங்கள்: ‘யேவா மாந்தேகா?’ (கொழுப்பு சேர்த்ததா), ‘யேவா கால்தோ தே போயோ?’ (கோழிச் சாறு உண்டா). மாட்டிறைச்சி ரெஸ், பன்றி புயேர்கோ அல்லது செர்தோ. நீங்களே சுடும் த்லாகோயோவில் இந்தக் கவலை கிடையாது. பருப்பை வெந்து மசித்ததாக வாங்கினால் மட்டும் கேட்டு வாங்குங்கள்.

திரும்பும்போது

கரி அணைந்ததா என்று நீர் ஊற்றிக் கிளறிப் பார்த்துவிட்டு எழுங்கள். பிளாஸ்டிக் எதையும் தோட்டத்தில் விடாமல் பையில் கட்டுங்கள். தோட்டக்காரருக்குப் பேசிய தொகையோடு, இரண்டு கட்டுக் கீரைக்கும் காசு கொடுத்து வாங்கி வாருங்கள். இந்த நிலங்களில் பல பயிர் விட்டுப் போய்க் கால்பந்துத் திடலாகவும் விருந்துக் கொட்டகையாகவும் மாறிக்கொண்டிருக்கின்றன. கீரை விற்றால்தான் அடுத்த விதை விழும். படகோட்டிக்குக் கட்டணத்தில் பத்து, பதினைந்து சதவிகிதம் தனியாகக் கையில் கொடுப்பது வழக்கம். ஒரு சூடான த்லாகோயோவையும் அவருக்கு முதலிலேயே எடுத்து வையுங்கள், போக வரக் கழி ஊன்றுபவர் அவர்.

கையில் இரண்டு மணி நேரம்தான் இருக்கிறதென்றால் சமைக்கும் எண்ணத்தை விட்டுவிடுங்கள். நதிவீதாஸில் ஒரு மணி நேரத்துக்குப் படகு எடுத்து, பக்கத்தில் வரும் சாப்பாட்டுப் படகில் பூசணிப் பூ வைத்து மடித்த சோள ரொட்டியான கெசதியா வாங்கிச் சாப்பிட்டுவிட்டு வாருங்கள். அவசரத்தில் சுட்ட அடை உள்ளே மாவாகத்தான் இருக்கும்.